தி மேங்ஸ்மேன் (1929): துரோகம் யாருடையது? பார்த்தவர்கள் எழுதுங்கள்

கல்மண்டபம்:

தடைக்காலம் வந்தால் அம்மாவுக்குப் பொழுது போகாது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள், விசைப்படகு எல்லாம் காசிமேட்டில் கட்டிக் கிடக்கும். ஃபைபர் படகில் வருகிற மீனை நம்பித்தான் வியாபாரம், அதுவும் பாதி நாள் கூடை நிறையாது. முப்பது வருடம் ராத்திரி இரண்டு மணிக்கு எழுந்து ஏலத்துக்குப் போன உடம்பு, தூங்கு என்றால் தூங்குமா? நான் லேப்டாப்பில் பார்க்கிற படத்தை அம்மாவும் பக்கத்தில் வந்து உட்கார்ந்து பார்ப்பாள்.

அப்படி இந்த வாரம் பார்த்தது 'தி மேங்ஸ்மேன்'. ஹிட்ச்காக் எடுத்த கடைசி ஊமைப்படம். கதை நடப்பது ஐல் ஆஃப் மேன் என்ற தீவில், இங்கிலாந்துக்கும் அயர்லாந்துக்கும் நடுக்கடலில் இருப்பது. பீட் மீனவன். பிலிப் வக்கீல். சின்ன வயதிலிருந்து அண்ணன் தம்பி மாதிரி வளர்ந்தவர்கள். இருவருக்கும் கேட் மேல் ஆசை. பிலிப் அதை வெளியே சொல்லவில்லை. பீட் காசில்லாதவன் என்று கேட்டின் அப்பா பெண் தர மறுக்கிறார். பீட் ஆப்பிரிக்காவுக்குப் போய்ச் சம்பாதித்து வருகிறேன் என்று கிளம்புகிறான், "கேட்டைப் பார்த்துக்கோ" என்று பிலிப்பிடம் சொல்லிவிட்டு. கொஞ்ச நாளில் பீட் செத்துப்போனான் என்று சேதி வருகிறது. மீதியை நீங்களே ஊகிக்கலாம். ஒரு நாள் பீட் உயிரோடு வந்து நிற்கிறான்.

நான் எழுத வந்தது ஜன்னல் காட்சியைப் பற்றி. கிளம்புவதற்கு முன் ராத்திரியில் பீட், பிலிப்பின் தோள்மேல் ஏறி நின்று கேட்டின் ஜன்னலில் பேசுகிறான். "திரும்பி வரும்வரை காத்திருப்பியா?" அவள் சிரிக்கிறாள், மாட்டேன் என்கிறாள், விளையாடுகிறாள், கடைசியில் சரி என்கிறாள். கீழே பிலிப்பின் முகம். அவன் ஆசைப்பட்ட பெண்ணை இன்னொருவன் கேட்பதற்கு அவன் தோளே ஏணி.

ஊமைப்படத்தில் வசனத்துக்குப் பதிலாகத் திரையில் வருகிற எழுத்து அட்டைகளை நான் தமிழில் படித்துச் சொல்லிக்கொண்டிருந்தேன். அந்த இடத்தில் அம்மா சொன்னாள்: "அது விளையாட்டா தலையாட்டுச்சு. இவன் நெசம்னு எடுத்துக்கினான். அதோ கீழ நிக்கிறானே, அவனுக்குத் தெரியும் அது விளையாட்டுன்னு. அவன் ஏன் வாயைத் தொறக்கல?"

படம் முடிந்தபிறகும் அதுதான் மண்டையில் ஓடுகிறது. எல்லோரும் கேட்டைத் துரோகி என்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்த ஜன்னலடியில் வாய் மூடி நின்றானே பிலிப், துரோகம் அங்கேயே தொடங்கிவிட்டது. கேட் அதற்குள் பிறகுதான் வந்து சேர்கிறாள்.


மகாராணி பால்கனி:

ஏற்க முடியாது நண்பா. அம்மா சொன்னது பிலிப்பைப் பற்றிச் சரி. ஆனால் கேட்டை அப்படியே கழுவி எடுத்துவிட முடியாது.

பீட்டைப் பாருங்கள். திரும்பி வந்ததும் அவன் முகத்தில் ஒரு சந்தேகக் கோடு உண்டா? தன் கூட்டாளியைக் கட்டிப்பிடித்து, என் பெண்ணைக் காப்பாற்றி வைத்தாயே என்று உருகுகிறான். கல்யாணம் ஆகிறது. குழந்தை பிறக்கிறது. அது பிலிப்பின் குழந்தை. பீட்டுக்குத் தெரியாது. தொட்டில் பக்கத்தில் அந்த மனிதன் உட்கார்ந்திருப்பதைப் பார்க்கவே முடியவில்லை. பீட்டாக நடித்த கார்ல் பிரிஸ்ஸன், நடிக்க வருவதற்குமுன் குத்துச்சண்டை வீரர். அவ்வளவு பெரிய உடம்பு, அந்தப் பச்சைக் குழந்தை முன்னால் எப்படிக் குழைகிறது!

அப்புறம் கேட் வீட்டைவிட்டுப் போகிறாள். ஊர் கேட்கிறது. பீட் என்ன சொல்கிறான்? அவள் உடம்பு தேற வெளியூர் போயிருக்கிறாள் என்று பொய் சொல்கிறான். விட்டுப் போனவளின் மானத்தைக் காப்பாற்ற ஊரெல்லாம் பொய் சொல்கிற கணவன். இந்த மனிதனிடம் ஒரு தடவை உட்கார்ந்து உண்மையைச் சொல்ல முடியாதா? கல்யாணத்துக்கு முன்பே சொல்லியிருக்கலாமே?


எண்ணூர் முகத்துவாரம்:

ஹிட்ச்காக் என்றால் கொலை, மர்மம் என்றுதான் தெரியும். இப்படி ஒரு குடும்பக் கதை எடுத்திருக்கிறாரா? ஊமைப்படத்தை ஒன்றரை மணி நேரம் பொறுமையாகப் பார்க்க முடியுமா, யாராவது சொல்லுங்கள்.


மிண்ட் தெரு:

முடியும் தம்பி. முதல் பத்து நிமிடம் காது எதையோ தேடும், அப்புறம் கண் வேலை செய்ய ஆரம்பித்துவிடும்.

கொஞ்சம் பின்னணி சொல்கிறேன். மூலக்கதை ஹால் கெய்ன் 1894-இல் எழுதிய நாவல். அந்தக் காலத்தில் அவர் எழுத்துக்கு அங்கே பெரிய வாசகர் கூட்டம். படத்தில் கடற்கரை, படகுத்துறை என்று பார்ப்பதெல்லாம் பெரும்பாலும் அந்தத் தீவு இல்லை, இங்கிலாந்தின் தென்மேற்கு முனையில் கார்ன்வாலில் இருக்கிற போல்பெரோ என்ற மீன்பிடி ஊர். பிறகு பிரெஞ்சு இயக்குநர் ட்ரூஃபோவுடன் பேசும்போது, இது என் கடைசி ஊமைப்படம் என்பதைத் தவிர இதில் ஒன்றும் இல்லை என்கிற மாதிரி ஹிட்ச்காக் ஒதுக்கிவிட்டார். எடுத்தவரே அப்படிச் சொன்னதால் பல பேர் பார்க்காமலே விட்டார்கள். 2012-இல் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிடியூட் அவருடைய ஊமைப்படங்கள் ஒன்பதைப் புதுப்பித்து வெளியிட்டது. அதில் இதுவும் ஒன்று. இந்தப் பிரதியைப் பார்த்தபிறகு அவர் சொன்னதை நான் ஏற்கமாட்டேன்.

ஒரே ஒரு இடத்தைச் சொல்கிறேன். கேட் ராத்திரியில் துறைமுகத் தண்ணீரில் குதிக்கிறாள். திரை முழுக்கக் கறுப்புத் தண்ணீர், அலை. அந்தக் கறுப்பு அப்படியே கரைந்து மைக்கூடாகிறது. அதில் ஒரு பேனா இறங்குகிறது. பிலிப்பின் கை. அவன் இப்போது நீதிபதி, மேசையில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறான். அவள் எதில் மூழ்கினாளோ அதைத் தொட்டுத்தான் அவன் எழுதுகிறான். அட்டை இல்லை, வசனம் இல்லை. இதைப் பேசும்படத்தில் வசனமாக வைத்திருந்தால் நாலு பக்கம் ஆகியிருக்கும்.

கேட்டின் நாட்குறிப்பையும் கவனியுங்கள். பீட் போனபிறகு பிலிப் வந்து போவதை எழுதி வைக்கிறாள். முதலில் 'மிஸ்டர் கிறிஸ்டியன்', அது பிலிப்பின் குடும்பப் பெயர். சில பக்கம் தள்ளி 'பிலிப்'. அப்புறம் 'பில்'. காதல் வளர்ந்ததைச் சொல்ல அந்த மூன்று பெயர் போதும்.

கேட்டாக நடித்த ஆனி ஓன்ட்ரா செக் நாட்டு நடிகை. அடுத்த படம் 'பிளாக்மெயில்', அதே 1929. பாதியில் பேசும்படமாக மாறிவிட்டது. அவருடைய உச்சரிப்பு ஆங்கிலக் கதாபாத்திரத்துக்கு ஒத்துவரவில்லை. ஜோன் பாரி என்ற நடிகை கேமராவுக்கு வெளியே நின்று வசனம் பேச, இவர் வாயசைத்தார். முகம் அப்படிப் பேசின பெண்ணுக்குக் குரல் வந்த உடனே இடம் போய்விட்டது. எனக்கு இது மனதைவிட்டுப் போகாத விஷயம்.

கல்மண்டபம், நீங்கள் அம்மாவுக்கு அட்டை படித்துச் சொன்னது நம் ஊர்ப் பழக்கம்தான். ரகுபதி வெங்கையா 1914-இல் கெயிட்டி தியேட்டரைக் கட்டினார். அப்புறம் எங்கள் மிண்ட் தெருவில் கிரவுன், புரசைவாக்கத்தில் குளோப். அந்தக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதையை விளக்கிச் சொல்வார். எழுதப் படிக்கத் தெரியாத சனம் அவர் குரலில்தான் படம் பார்த்தது. கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் ரோட்டில் நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்' தொடங்கி நம் ஊமைப்படங்கள் ஏறக்குறைய எல்லாமே அழிந்துபோயின. 'கீசக வத'த்தில் நாம் பார்க்க ஒரு அடி பிலிம் மிஞ்சவில்லை. அதனால் வேறு ஊர்ப் படமாக இருந்தாலும் மிஞ்சினதைப் பார்க்க வேண்டும் என்று எனக்கு ஒரு பிடிவாதம்.


எண்ணூர் முகத்துவாரம்:

மைக்கூடு காட்சிக்காகவே இன்றைக்குப் பார்க்கிறேன் ஐயா.


வாடைக்காற்று:

நான் காசிமேட்டுப் பெண். இப்போது திருவொற்றியூரில் இருக்கிறேன். எல்லோரும் ஜன்னலையும் கல்யாணத்தையும் பேசுகிறீர்கள். எனக்கு இந்தப் படத்தில் தாங்க முடியாத இடம், பீட் செத்துப்போனான் என்று சேதி வருவது.

என் அத்தை வீட்டுக்காரர் கடலில் போனவர். கார்த்திகை மாதம். மூன்று பேர் ஃபைபர் படகில் போனார்கள். வாடை திரும்பி அடித்தது. நாலாம் நாள் பழவேற்காடு பக்கம் படகு கவிழ்ந்து கிடந்தது. இரண்டு பேர் உடம்பு கிடைத்தது. மாமா கிடைக்கவில்லை.

உடம்பு கிடைக்காத சாவு எப்படி இருக்கும் என்று கரையில் இருப்பவர்களுக்குத் தெரியும். முதல் வாரம் முழுக்கச் சேதி மேல் சேதி. நெல்லூர்ப் படகு ஒன்று யாரையோ தூக்கிக்கொண்டு போனதாம். ஆஸ்பத்திரியில் பேச்சு மூச்சில்லாமல் ஒருவர் இருக்கிறாராம். ஒவ்வொரு 'ஆம்'க்கும் அத்தை எழுந்து புடவையைச் சரிசெய்துகொண்டு வாசலுக்குப் போவாள். அப்புறம் சேதி நின்றுபோனது. சொந்தக்காரர்கள் தாலியை எடு என்றார்கள். ஒரு ஆபீஸில் உடம்பு இல்லாமல் சான்றிதழ் தர முடியாது, ஏழு வருடம் ஆகட்டும் என்றார்கள். வீட்டில் ஒரு சட்டம், வெளியே ஒரு சட்டம். அத்தைக்கு அப்போது இருபத்தாறு வயது.

ஐந்து வருடம் கழித்து ஒருவர் பெண் கேட்டு வந்தார். நல்ல மனிதர், வலை பின்னுகிற வேலை. அத்தைக்கும் பிடித்திருந்தது, அது எனக்குத் தெரியும். வேண்டாம் என்று சொல்லிவிட்டாள். ஏன் அத்தை என்று நான் ரொம்ப வருடம் கழித்துக் கேட்டேன். "ஒருவேளை வந்துட்டாருன்னா?" என்றாள்.

பீட் கதவைத் திறந்துகொண்டு வருகிற காட்சி உங்களுக்குக் கதைத் திருப்பம். எனக்கு அது என் அத்தை பயந்த கதவு. கேட் சேதியை நம்பினாள், வாழ ஆசைப்பட்டாள். அது துரோகமா? மகாராணி பால்கனி அண்ணா, நீங்கள் பதில் சொல்லுங்கள்.


மகாராணி பால்கனி:

தங்கச்சி, அத்தையை நினைத்து ரொம்ப நேரம் எதுவும் எழுத முடியவில்லை. சேதியை நம்பி அவள் பிலிப்பிடம் போனதை நான் குற்றம் சொல்லவே மாட்டேன். அதை இதற்குமுன் தெளிவாக எழுதவில்லை, தப்பு என்னுடையது.

ஆனாலும் ஒன்று உறுத்துகிறது. சாவுச் சேதி வந்ததும் கேட் பிலிப்பிடம் சொல்வது, இனி நாம் சுதந்திரம் என்று. முகத்தில் வெளிச்சம். உங்கள் அத்தை ஐந்து வருடம் கழித்தும் கதவைப் பார்த்தாள். இவள் ஒரு நிமிடம்கூடப் பார்க்கவில்லை.


கல்மண்டபம்:

அத்தைக்கு மாமாவைப் பிடித்திருந்தது அண்ணா. கேட்டுக்குப் பீட்டை அப்படிப் பிடித்ததே இல்லையே. விளையாட்டாகச் சொன்ன ஒரு 'சரி'யில் மாட்டிக்கொண்டவள் விடுதலை ஆனதும் சிரிக்கிறாள். செத்தவனுக்காக அழாதது வேறு, வாக்கை உடைத்தது வேறு.


பழைய பாலம்:

இத்தனை பேசிவிட்டு 'செம்மீன்' பற்றி யாரும் சொல்லவில்லையே! தகழியின் மலையாள நாவல், ராமு காரியாட் 1965-இல் எடுத்து ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் வாங்கிய படம். அதிலும் மீனவன், அவன் மனைவி, அவளுடைய பழைய காதலன். கரையில் மனைவி கற்போடு இருந்தால்தான் கடலில் கணவன் உயிரோடு திரும்புவான், தவறினால் கடலம்மா அவனை எடுத்துக்கொள்வாள் என்பது அங்கே நம்பிக்கை. கதை அப்படித்தான் முடிகிறது.

இந்த ஆங்கிலப் படத்தில் கடல் யாரையும் தண்டிக்கவில்லை. செத்ததாகச் சேதி வந்த பீட்டைத் திருப்பித் தருகிறது. கேட் போய் விழுந்தாலும் அவளையும் திருப்பித் தருகிறது. தண்டிப்பதெல்லாம் மனிதர்கள். அவள் அப்பா, கோர்ட்டு, கடைசிக் காட்சியில் வீட்டு ஜன்னலில் முகத்தை வைத்து ஏசுகிற ஊர். கடற்கரைக் கதை என்றாலே கடல்தான் வில்லன் என்று நினைத்திருந்தேன்.


வாடைக்காற்று:

'செம்மீன்' நல்ல படம், நானும் அழுதிருக்கிறேன். ஆனால் அந்த நம்பிக்கையை எங்கள் கரை முழுவதற்கும் போர்த்துவதை நான் ஏற்கமாட்டேன். எங்கள் வீட்டில் கடலுக்குப் போனது அப்பா. ஏலத்தில் குரல் கொடுத்தது, கடன் வாங்கினது, அடைத்தது, வலைக்குப் பணம் கொடுத்தது அம்மா. அப்பா கரை திரும்பியதற்குக் காரணம் அவருக்குக் காற்றும் நீரோட்டமும் தெரியும் என்பது. மாமா திரும்பாததற்குக் காரணம் காற்று. அத்தை முகத்துக்கு நேரே ஒரு கிழவி "நீ என்ன பண்ணியோ" என்று கேட்டாள். அந்த ஒரு வார்த்தை அத்தையைத் தின்ற அளவுக்குக் கடல் தின்னவில்லை.

பழைய பாலம் அண்ணா, உங்களைக் குறை சொல்லவில்லை. கடல் தண்டிக்கவில்லை, ஊர்தான் தண்டித்தது என்று நீங்கள் எழுதினீர்களே, அதைத்தான் நானும் சொல்கிறேன்.


கோர்ட்டு வாசல்:

பாரிமுனையில் வக்கீல் ஆபீஸில் குமாஸ்தாவாக இருபது வருடம் ஆகிறது. கோர்ட்டுக் காட்சியைப் பற்றி யாரும் பேசாததால் எழுதுகிறேன்.

பிலிப் ஆகும் பதவிக்கு அந்தத் தீவில் 'டீம்ஸ்டர்' என்று பெயர். நீதிபதிதான், ஆனால் அந்தத் தீவுக்கே உரிய பழைய பெயர். பதவி ஏற்கும்போது ஒரு பிரமாணம் உண்டு. அது ஒரு மீனை வைத்துச் சொல்லப்படுவது. ஹெர்ரிங் மீனின் நடுமுள் எப்படி மீனுக்குச் சரிநடுவில் இருக்கிறதோ, அப்படி இரு தரப்புக்கும் நடுவில் சாயாமல் நின்று நீதி சொல்வேன் என்று. ஹெர்ரிங் நம்முடைய மத்தி, கவலை வகையறா. மீன் அரிகிறவர்களுக்கு இது நன்றாகப் புரியும். நடுமுள் ஒரு பக்கம் ஒட்டிக்கொண்டு வந்தால் அந்தத் துண்டு பாழ்.

இந்தப் பிரமாணம் எடுக்கிற பதவியில் உட்கார்ந்தவன் முன்னால் முதல் நாளே கேட்டைக் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள். தற்கொலை முயற்சி அங்கே அப்போது குற்றம். அவளைத் தண்ணீருக்குள் தள்ளியவனே அவளை விசாரிக்கிறான். பீட் வந்து, மனைவியை என்னோடு அனுப்புங்கள் என்று கெஞ்சுகிறான். பிலிப் சரி என்கிறான்! அங்கேயும் வாய் திறக்கவில்லை. கேட் போக மாட்டேன் என்கிறாள். அவள் அப்பாவுக்கு உண்மை உறைத்து, எழுந்து பிலிப்பைக் காட்டிச் சத்தம் போட்ட பிறகுதான் அவன் ஒப்புக்கொண்டு, தலையில் வைத்த நீதிபதி முடியைக் கழற்றுகிறான். ஜன்னலடியில் நின்ற அதே பிலிப். கல்மண்டபத்தின் அம்மா முதல் காட்சியிலேயே பிடித்துவிட்டார்கள்.

நம் ஊரிலும் இந்தச் சட்டம் ரொம்ப நாள் இருந்தது. இந்திய தண்டனைச் சட்டம் 309. சாகப் போய்ப் பிழைத்தவர்கள் குற்றவாளிபோலப் படி ஏறினதை நான் பார்த்திருக்கிறேன். ஒரு பெண் தீக்காயத்தின் மேல் ஈரத்துணியைப் போட்டுக்கொண்டு பெஞ்சு ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். பேர் கூப்பிட்டதும் எழுந்து நின்றுவிட்டு, அப்புறம் ரொம்ப நேரம் உட்காரவே இல்லை. 2017-இன் மனநல பராமரிப்புச் சட்டம், அப்படிச் செய்தவர் கடுமையான மன அழுத்தத்தில் இருந்தார் என்றே கொள்ள வேண்டும் என்றது. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தில் அந்தப் பழைய பிரிவு அப்படியே இல்லை. கேட்டைக் கூண்டில் பார்த்தபோது எனக்கு அந்தப் பெஞ்சுதான் நினைவு வந்தது.

வாடைக்காற்று சொன்ன ஏழு வருடமும் சாட்சியச் சட்டத்தில் இருப்பதுதான். ஏழு வருடம் எந்தத் தகவலும் இல்லையென்றால், உயிரோடு இருக்கிறார் என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். அதற்காக அந்த ஏழு வருடமும் பெண் என்ன செய்ய வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை.


எண்ணூர் முகத்துவாரம்:

பார்த்துவிட்டேன். கல்யாண விருந்தை அந்தப் பழைய மாவு ஆலையிலேயே வைக்கிறார்கள், கேட்டும் பிலிப்பும் சேர்ந்த அதே இடம். அப்பா எழுந்து கல்யாண வாக்கை மீறினால் கடவுள் விடமாட்டார் என்று பேசும்போது, இரண்டு பேரும் முகத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்கிறார்கள். அதற்குமேல் எனக்கு அட்டை படிக்கவே தோன்றவில்லை.

மகாராணி பால்கனி அண்ணா பக்கமும் ஒரு ஓட்டு. கடைசியில் பிலிப்புக்குக் கேட் இருக்கிறாள், கேட்டுக்குக் குழந்தை இருக்கிறது. பீட்டுக்குப் படகு மட்டும்தான்.


வாடைக்காற்று:

நேற்று அத்தைக்குப் போட்டுக் காட்டினேன். காட்டலாமா வேண்டாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். பீட் திரும்பி வருகிற காட்சிக்கு முன்னால் நிறுத்தி, கதை இப்படிப் போகும் அத்தை, பார்க்கிறாயா என்று கேட்டேன். போடு என்றாள். ஒன்றும் பேசாமல் பார்த்தாள். கேட்டைத் திட்டவில்லை. பீட்டுக்காக உச்சுக் கொட்டினாள். முடிந்ததும் முதலில் படகெல்லாம் துறைக்கு வருகிற இடத்தை மறுபடி போடச் சொன்னாள். போட்டேன். இன்னொரு தடவை என்றாள்.

எதற்கு அத்தை என்றேன். "எத்தனை வருதுன்னு எண்ணிக்கினு இருந்தேன். நடுவுல நீ பேசிட்ட" என்றாள்.


கல்மண்டபம்:

அக்கா, அத்தையை ஞாயிற்றுக்கிழமை சாயந்திரம் எங்கள் வீட்டுக்கு அழைத்து வாருங்கள். கல்மண்டபம் பஸ் நிறுத்தத்தில் இறங்கினால் நான் வந்து கூட்டிப்போகிறேன். அம்மாவும் கோர்ட்டுக் காட்சியை இன்னொரு முறை பார்க்க வேண்டும் என்கிறாள், நடுமுள் விஷயம் சொன்னதிலிருந்து. மிண்ட் தெரு ஐயா வந்தால் அட்டையை அவர் படிக்கட்டும், அவர் குரல் பெரிய குரல். படகு வருகிற இடத்தில் யாரும் பேச மாட்டோம்.